எழுதாமல் விட்ட பெயர்

சாந்த்வீக்,
20 அக்டோபர் 1907

அன்புள்ள சிக்னி,

கடவுள் தயவில் நானும் என் பசுவும் சௌக்கியம். நீயும் உன் வயிற்றில் இருப்பதும் சௌக்கியம்தானே? கால் வீங்கினால் தலையணை மேல் தூக்கி வைத்துப் படு. உன் புருஷன் என் தம்பிதான், நல்லவன்தான், ஆனால் இதையெல்லாம் சொல்ல அவனுக்குத் தெரியாது. மீனுக்குக் கால் வீங்குவதில்லையே.

நேற்றுக் காலை படகு இங்கே வந்து என் மகனை ஏற்றிக்கொண்டு போனது. உன் ஹஃப்லிதி கரையில் இறங்கக்கூட இல்லை. "அக்கா, காப்பி எல்லாம் திரும்பி வர்றப்ப பாத்துக்கலாம். காத்து நல்லாருக்கு, விட்டுறக் கூடாது!" என்று படகிலிருந்தே கத்தினான். எய்விந்துர் ஓடின ஓட்டத்தில் கையுறையைச் சுவர் ஆணியிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டான். பத்தொன்பது வயது, தாய்மாமனோடு முதல்முறையாக ஆழ்கடலுக்குப் போகிறான், அதுவும் வெறுங்கையோடு! நான் கையுறையை ஆட்டி ஆட்டிக் கரையிலிருந்து கூப்பிட்டால், வழியனுப்புகிறேன் என்று நினைத்து அவனும் கையை ஆட்டுகிறான். மடையன்.

திரும்பும்போது மீனை உங்கள் கரையில்தான் இறக்குவார்கள். அதனால் கையுறையைத் தபால்காரர் ஃபின்போகியிடம் கொடுத்தனுப்புகிறேன். ஒவ்வொன்றிலும் இரண்டு கட்டைவிரல் வைத்துப் பின்னியிருக்கிறேன். ஒரு பக்கம் தேய்ந்தால் திருப்பிப் போட்டுக்கொள்ளச் சொல். காதில் போட்டுக்கொள்ள மாட்டான், இருந்தாலும் சொல்.

உன்னை ஆண்டவன் பார்வையில் விட்டுவிட்டு,
பெர்க்லியோத்


மெலாவீக்,
12 நவம்பர் 1907

அன்புள்ள அக்கா,

உங்கள் கடிதமும் கையுறையும் ஒன்றாக வந்தன. உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? என் கால் வீக்கம் பரவாயில்லை.

படகு இன்னும் வரவில்லை. உங்களுக்கும் தெரிந்திருக்கும், ஆனாலும் எழுதாமல் இருக்க முடியவில்லை. போன மாதக் கடைசியில் அடித்த வடக்குக் காற்றில் இங்கே மீன் உலர்த்தும் கொட்டகை ஒன்று அப்படியே கடலுக்குள் போய்விட்டது. மற்றப் படகுகள் எல்லாம் ஏதோ ஒரு கரையில் ஒதுங்கிவிட்டன. நம் படகைப் பார்த்தவர் யாரும் இல்லை. "ஆங்கிலேயக் கப்பலுங்க அந்தப் பக்கம் நெறைய நின்னுச்சு. நம்ம ஆளுங்களத் தூக்கிப் போட்டுக்கிட்டுப் போயிருப்பாங்க" என்று எல்லோரும் சொல்கிறார்கள். அதைச் சொல்லும்போது என் முகத்தைத்தான் பார்க்க மாட்டேன் என்கிறார்கள்.

எய்விந்துரின் கையுறையை அடுப்புக்குப் பக்கத்தில் மாட்டி வைத்திருக்கிறேன். வந்து இறங்கினால் சூடாகப் போட்டுக்கொள்ளட்டும். எய்விக்குப் பிடிக்கும் என்று புகையில் உலர்த்திய ஆட்டுக்கறியில் ஒரு துண்டும் ஒளித்து வைத்திருக்கிறேன். உங்கள் தம்பிக்குத் தெரிந்தால் அதுவும் போய்விடும்.

தைரியமாக இருங்கள். நானும் இருக்கிறேன்.

உங்கள் சிக்னி


சாந்த்வீக்,
29 நவம்பர் 1907

அன்புள்ள சிக்னி,

என் முழங்காலைப் பற்றி இப்போது யார் கவலைப்பட்டார்கள்? நீ சாப்பிடுகிறாயா, அதைச் சொல். நான் நன்றாகத்தான் இருக்கிறேன். பொய் சொன்னாலும் நன்றாகவே சொல்வேன் என்பது உனக்குத் தெரியும்.

இங்கே கடைக்காரரிடம் விசாரித்தேன். போன வருஷம் கிழக்குக் கரையில் ஒரு படகு காணாமல் போயிற்று. ஊரே அழுது முடித்த பிறகு, அதில் போனவர்கள் ஆங்கிலேயர் ஊரான ஹல் துறைமுகத்திலிருந்து புதுத் தொப்பி போட்டுக்கொண்டு வந்து இறங்கினார்களாம். ஆங்கிலேயக் கப்பல் காப்பாற்றினால் தன் ஊருக்குக் கொண்டுபோய்த்தான் இறக்கும். அங்கிருந்து நமக்குத் தகவல் வர மாசக்கணக்கில் ஆகும். ஆகவே காத்திருக்கலாம், தப்பில்லை.

சிக்னி, ஒன்று கேட்கிறேன். ஒளிக்காமல் சொல். கனவு ஏதாவது வந்ததா? எங்கள் அம்மா என் தம்பியைச் சுமந்தபோது, கடலோடு போன அவளுடைய மாமா கனவில் விடாமல் வந்து கதவோரம் நின்றாராம். "எனக்கு இங்க எடம் இருக்கா?" என்று கேட்டாராம். செத்தவர்கள் பேர் கேட்டுப் பிள்ளைத்தாச்சியிடம்தான் வருவார்கள். அதனால்தான் இவனுக்கு அந்த மாமாவின் பேர். ஹஃப்லிதி, கடலோடி என்று பொருள். அந்தப் பேரை வைக்கிறோமே என்று அம்மா அழுதாள். வைக்காமல் விட்டால் பிள்ளை தங்காது என்றும் அழுதாள்.

என் தம்பி உன் கனவில் வந்தானா? வந்தான் என்றால் நான் தாங்கிக்கொள்வேன். தெரியாமல் இருப்பதைத்தான் தாங்க முடியவில்லை.

பெர்க்லியோத்


மெலாவீக்,
21 டிசம்பர் 1907

அன்புள்ள அக்கா,

சுகமாக இருக்கிறேன். உங்கள் பசு கன்று போட்டுவிட்டதா? புல் கூரை ஒழுகுகிறது என்று முன்பு எழுதியிருந்தீர்கள். சரி செய்துவிட்டீர்களா? மலையைத் தாண்டி வர ஃபின்போகி மிகவும் கஷ்டப்படுகிறார், பாவம். மீசை முழுக்கப் பனிக்கட்டியோடு வந்து, காப்பிக் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

நீங்கள் கேட்டதற்குப் பதில்: உங்கள் தம்பி வரவில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், அவர் என் கனவில் வரவே இல்லை.

பகல் என்று ஒன்று இங்கே கிட்டத்தட்ட இல்லை. விளக்கை அணைக்க மனம் வருவதில்லை. மருத்துவச்சி யோருன் வாரம் ஒருமுறை வந்து வயிற்றைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போகிறாள். அடுப்புப் பக்கம் மாட்டியிருந்ததை எடுத்துப் பெட்டியில் வைத்துவிட்டேன். புகை படிகிறது.

கிறிஸ்துமஸுக்கு உங்களுக்கு நிம்மதி கிடைக்கட்டும்.

உங்கள் சிக்னி


சாந்த்வீக்,
16 ஜனவரி 1908

என் தங்கமே சிக்னி,

பசு கன்று போட்டது, கூரையும் ஒழுகவில்லை, முழங்காலும் போன இடம் தெரியவில்லை! உன் கடிதத்தைப் படித்துவிட்டுப் பக்கத்து வீட்டு வால்போர்க்கைக் கூப்பிட்டு உட்காரவைத்து, ஒளித்து வைத்திருந்த நல்ல காப்பியைப் போட்டுக் கொடுத்தேன். அவன் வரவில்லை! வரவில்லை என்றால் சாகவில்லை. அவன் சாகவில்லை என்றால் படகு முழுகவில்லை. படகு முழுகவில்லை என்றால் என் மகனும் அதே கப்பலில் உட்கார்ந்து ஆங்கிலேயன் ரொட்டியைக் குறை சொல்லிக்கொண்டிருக்கிறான். எனக்கு இது போதும்.

இப்போது பேர் பார்ப்போம். அப்பன் உயிரோடு இருக்கும்போது அவன் பேரைப் பிள்ளைக்கு வைக்கக் கூடாது. ஆகவே ஹஃப்லிதி கிடையாது. பையன் என்றால் வழக்கப்படி எங்கள் அப்பா பேர், கெத்தில். கொப்பரை என்று பொருள். சிரிக்காதே. அந்தக் காலத்தில் பலி கொடுக்கிற இடத்துக் கொப்பரை, ரொம்பப் புனிதமானது என்று பாதிரியார் சொல்கிறார். அப்பாவின் வயிற்றைப் பார்த்தவர்கள் வேறு மாதிரி சொன்னார்கள். அது பிடிக்கவில்லை என்றால் ஹல்லுர், போய்ச்சேர்ந்த என் வீட்டுக்காரர் பேர். பாறை என்று பொருள். அதுவும் அவருக்குப் பொருத்தம்தான், எழுப்பினாலும் அசையமாட்டார்.

பேருக்கும் ஆளுக்கும் பொருந்தாததும் உண்டு. என் பேருக்குப் பழைய பேச்சில் காப்பாற்றும் வெளிச்சம் என்று அர்த்தமாம். இன்றைய பேச்சில் கேட்டால் அசிங்கமான பாறை என்று காதில் விழும். பாதிரியார் வீட்டுப் பாட வகுப்பில் எல்லாப் பயல்களும் இன்றைய பேச்சுதான் பேசினார்கள். உன் பேருக்கு என்ன, வெற்றி, அதிலும் புது வெற்றி. எய்விந்துரை அதிர்ஷ்டக் காற்று என்கிறார் ஒருவர், தீவுக் காற்று என்கிறார் இன்னொருவர். நான் அவனைப் பெற்றபோது கூரைப் புல்லைப் பிய்த்துக்கொண்டு அடித்த காற்றுக்கு எதுவானாலும் சரிதான்.

அவன் வந்ததும் உன் பிள்ளையைத் தூக்கச் சொல். கீழே போட்டுவிடாமல் பக்கத்திலேயே நில்.

சந்தோஷமாக,
பெர்க்லியோத்


மெலாவீக்,
9 மார்ச் 1908

அன்புள்ள அக்கா,

பையன் பிறந்திருக்கிறான். நான் பிழைத்துக்கொண்டேன். உங்கள் பசு, கன்று எல்லாம் சுகமா? வால்போர்க்கை விசாரித்ததாகச் சொல்லுங்கள்.

பிள்ளை சின்னதாக இருக்கிறான். முட்டிமுட்டிப் பார்க்கிறான், பால் இழுக்கத் தெம்பில்லை. இழுத்ததையும் கக்கிவிடுகிறான். யோருன் இங்கேயே தங்கியிருக்கிறாள். நேற்று அவள் என்னைச் சும்மா விடவில்லை.

"ஏம்மா, பேர் என்னன்னு சொல்லு. உசுருக்கு ஒண்ணுன்னா நானே தண்ணி தெளிச்சு ஞானஸ்நானம் குடுத்துருவேன். பேர் இல்லாம போகக் கூடாது."

"இன்னும் முடிவு பண்ணலை."

"முடிவு பண்ண என்ன கெடக்கு? தாத்தா பேரு கெத்தில். ஊருக்கே தெரியும்." பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "யாரோ வந்து கேட்டிருக்காங்க, அதானே? கேட்டவங்களுக்குக் குடுக்காம வேற பேரை வெச்சா இந்தப் புள்ள தேறாது, பாத்துக்க. நான் எத்தனை பாத்திருக்கேன்."

நான் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டேன். அதைத்தான் என்னால் செய்ய முடிந்தது.

பையனை இப்போதைக்குப் பையன் என்றே கூப்பிடுகிறோம்.

உங்கள் சிக்னி


சாந்த்வீக்,
28 மார்ச் 1908

சிக்னி,

பிள்ளை பிறந்ததில் சந்தோஷம். நீ பிழைத்ததில் அதைவிடச் சந்தோஷம். இதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றதைச் சொல்கிறேன்.

தலைப்பிள்ளை ஆண், தாத்தா செத்து வருஷங்கள் ஆகிவிட்டன, பேர் காலியாகக் கிடக்கிறது. இதில் யோசிக்க என்ன இருக்கிறது? கொப்பரை என்று நான் விளையாட்டாக எழுதியதை வைத்து எங்கள் அப்பா பேர் உனக்குக் கேவலமாகிவிட்டதா? அவர் பேரை எடுக்க மனமில்லை என்றால் நேராகச் சொல்.

இல்லை, எனக்கு வேறு ஒன்று தோன்றுகிறது. அதைச் சொல்லாவிட்டால் என் நெஞ்சு வெடித்துவிடும். நீ ஹஃப்லிதி என்று வைக்கப் பார்க்கிறாய். அப்பன் செத்த பிறகு பிறந்த பையனுக்குத்தான் அப்பன் பேர் வைப்பார்கள். அந்தப் பேரை நீ தேவாலயத்தில் சொன்ன நிமிஷம் ஊரார் எல்லோரும் தொப்பியைக் கழற்றிவிடுவார்கள். என் தம்பியைப் பெட்டி இல்லாமல் புதைத்துவிட்டதாக அர்த்தம். ஹல்லிலிருந்து தபால் வர இன்னும் நேரம் இருக்கிறது. அதற்குள் உனக்கு என்ன அவசரம்? அல்லது அவன் உன் கனவில் வந்தானா? டிசம்பரில் நீ எழுதியது பொய்யா?

கோபத்தில் எழுதுகிறேன். கோபம் தணிந்த பிறகு எழுதினாலும் இதையேதான் கேட்பேன்.

பெர்க்லியோத்


மெலாவீக்,
11 ஏப்ரல் 1908

அன்புள்ள அக்கா,

நான் பொய் எழுதவில்லை. அவர் வரவில்லை. இன்றுவரை வரவில்லை. அவர் பேரை வைக்கும் எண்ணம் எனக்கு இல்லை. அவர் வருவார் என்றுதான் நான் நம்புகிறேன்.

உங்கள் அப்பா பேரில் எனக்கு ஒரு குறையும் இல்லை. வைக்க முடியவில்லை. தயவுசெய்து ஏன் என்று கேட்காதீர்கள். உங்கள் காலில் விழுந்து கேட்கிறேன்.

பையனுக்குக் காய்ச்சல். அழக்கூடத் தெம்பில்லாமல் முனகுகிறான். பாதிரியார் வந்து பார்த்துவிட்டு, "சிக்னி, இந்த மாசம் இருபத்தி மூணாம் தேதி, கோடை பிறக்கிற நாள் வரைக்கும்தான். அதுக்கு மேல நான் ஒத்துக்க மாட்டேன். அன்னிக்கு நீ பேர் சொல்லலைன்னா நானே ஒண்ணு வெச்சுருவேன்" என்று சொல்லிவிட்டுப் போனார். கோபமாகச் சொல்லவில்லை. பயந்து சொன்னார்.

கன்றுக்குட்டி எப்படி இருக்கிறது? முழங்கால்?

சிக்னி


சாந்த்வீக்,
பெரிய வெள்ளி, 17 ஏப்ரல் 1908

சிக்னி, என் கண்ணே,

இதை ஃபின்போகி வரும்வரை வைத்திருக்க முடியாது. வால்போர்க்கின் அண்ணன் மலைமேல் நடந்து வருகிறேன் என்று ஒத்துக்கொண்டிருக்கிறார். அவருக்குச் சாப்பாடு போடு.

நேற்று வால்போர்க் வந்தாள். உன்னைத் திட்டித் தீர்த்தேன், எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு பின்னிக்கொண்டே இருந்தாள். பிறகு சும்மாதான் கேட்டாள்: "அதெல்லாம் சரி, எய்வியப் பத்தி சிக்னி என்ன எழுதுறா? அவன் மேல அவளுக்கு உசுராச்சே."

பதில் சொல்ல வாயைத் திறந்தேன். சொல்ல ஒன்றுமே இல்லை. பசுவைக் கேட்டாய், கன்றைக் கேட்டாய், கூரையைக் கேட்டாய், வால்போர்க்கைக் கேட்டாய். என் மகனை நீ கேட்கவே இல்லை. கறி ஒளித்து வைத்திருக்கிறேன் என்று எழுதினாயே, அதற்குப் பிறகு அவன் பேர் உன் பேனாவில் வரவே இல்லை. கையுறையைக்கூட "மாட்டியிருந்தது" என்றுதான் எழுதினாய்.

வால்போர்க் என்னைப் பிடித்து உட்காரவைத்தாள்.

உன்னை மட்டும் குற்றம் சொல்ல மாட்டேன். நானும் ஹஃப்லிதி வந்தானா, ஹஃப்லிதி வந்தானா என்றுதான் கேட்டேன். இன்னொருவன் வந்தானா என்று கேட்க எனக்குக் கை வரவில்லை. நான் கேட்காவிட்டால் அவன் வராமல் இருந்துவிடுவான் என்று நினைத்தேன் போலிருக்கிறது. நீ கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னாய். என்னைக் காப்பாற்ற உன் பிள்ளையின் உயிரை வைத்து எத்தனை நாள் இழுப்பாய், பைத்தியக்காரி? போதும்.

எய்விந்துர். அவனைப் பெற்ற நான் சொல்கிறேன். பாதிரியாரைச் சத்தமாகச் சொல்லச் சொல். கல்யாணமாகாத பையன், பேரை யாரிடம் போய்க் கேட்பான்? என்னிடம் கேட்டு என்ன பிரயோஜனம், இந்த வயதில் நான் பெறவா போகிறேன்? மடையன்தான், ஆனால் இந்த ஒரு விஷயத்தில் சரியான வீட்டுக்குத்தான் போயிருக்கிறான்.

இன்று உன் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை. பனி கரைந்ததும் வருவேன்.

ஒன்றே ஒன்று சொல். மறைக்காதே. அவன் கை குளிர்ந்து போயிருந்ததா?

பெர்க்லியோத்


மெலாவீக்,
26 ஏப்ரல் 1908

அன்புள்ள அக்கா,

வால்போர்க்கின் அண்ணன் இடுப்பளவு பனியில் நடந்து கோடை பிறக்கும் நாளுக்கு முன்பே வந்துவிட்டார். சாப்பாடு போட்டேன். அவர் சாப்பிடும்போது உங்கள் கடிதத்தைப் படித்தேன். யோருன்தான் பிள்ளையைத் தூக்கிக்கொண்டாள்.

தேவாலயத்தில் குளிர் தாங்கவில்லை. பாதிரியார் பேர் கேட்டார், சொன்னேன். ஊரில் எல்லோருக்கும் உடனே புரிந்துவிட்டது. ஒவ்வொருவராகத் தொப்பியைக் கழற்றினார்கள். பாதிரியார் என்னையே பார்த்தார். "அவங்க அம்மா அனுப்பின பேர், சத்தமாச் சொல்லுங்க" என்றேன். சத்தமாகத்தான் சொன்னார்.

இனி எதையும் மறைக்க மாட்டேன். அவன் முதலில் வந்தது டிசம்பர் ஆரம்பத்தில். உங்கள் தம்பியின் கட்டிலுக்கு எதிரே, எப்போதும் உட்காருகிற இடத்தில் உட்கார்ந்தான். சொட்டச் சொட்ட நனைந்திருந்தான், ஆனால் சிரித்த முகம். "அத்தை, நான் உங்களோடயே இருந்துக்கட்டுமா?" என்றான். நான் தூங்குவதுபோல் நடித்தேன், கனவிலேயே நடித்தேன் அக்கா. அப்புறமும் வந்தான். கேட்கவில்லை, கதவுப் பக்கம் நின்று பார்த்துவிட்டுப் போனான். இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அவனை முதலில் பார்த்தபோது எனக்கு அழுகை வரவில்லை. வந்தது இவன், அவர் இல்லை என்று ஒரு நிம்மதி வந்தது. உங்களுக்கு எழுத உட்காரும்போதெல்லாம் அந்த நிம்மதிதான் என் கையைப் பிடித்துக்கொண்டது. அதனால் பசுவைக் கேட்டேன்.

உங்கள் தம்பி இன்னும் வரவில்லை. கனவிலும் வரவில்லை, வாசலிலும் வரவில்லை. அவர் கட்டிலை நான் எடுக்கவில்லை.

கை குளிர்ந்திருந்ததா என்று கேட்டீர்கள். குளிர்ந்துதான் இருந்தது. நீலம் பாரித்து, அக்குளுக்குள் வைத்துக்கொண்டிருந்தான். தேவாலயத்திலிருந்து வந்ததும் பெட்டியைத் திறந்து நீங்கள் பின்னிய கையுறையை எடுத்து அடுப்பில் சூடு காட்டினேன். பிள்ளையின் இரண்டு காலும் ஒரே கையுறைக்குள் போய்விட்டன. இரண்டு கட்டைவிரலும் இரண்டு பக்கமும் நீட்டிக்கொண்டு நிற்பதைப் பார்த்து யோருனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நானும் சிரித்தேன். காய்ச்சல் இறங்கிவிட்டது. நேற்றிலிருந்து பாலை இழுத்துக் குடிக்கிறான்.

உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். பனி கரைந்ததும் வாருங்கள், காத்திருக்கிறோம்.

இங்கே நான் சுகம். எய்விந்துர் சுகம். கால் சூடாக இருக்கிறது.

உங்கள் சிக்னி